நாலு பேர் முன்னால்

ஷட்டர் மேலே இருந்ததா, கீழே இருந்ததா? வழக்கு கடைசியில் இந்த ஒரே கேள்வியில் வந்து நின்றுவிட்டது. முதலாளி பெயிண்டரைச் சாதி சொல்லித் திட்டினாரா என்பதை யாரும் அவ்வளவாகக் கேட்கவில்லை. திட்டியிருப்பார், அதற்கென்ன இப்போது என்பதுபோலத்தான் எல்லார் முகமும் இருந்தது. திட்டும்போது ஷட்டர் எங்கே இருந்தது, அதைச் சொல் என்றார்கள்.

நடந்தது இதுதான். ஒரு வியாழக்கிழமை சாயங்காலம், மணி நாலரை. கார் பட்டறையில் பெயிண்டர் ஒரு கறுப்பு வண்டிக்குக் கிளியர் கோட் என்கிற கடைசிப் பளபளப்புப் பூச்சை அடித்துக்கொண்டிருந்தார். கறுப்பு வண்டிக்குப் பெயிண்ட் அடிப்பது மாமியார் வீட்டில் குடியிருப்பதுபோல. சின்னத் தூசி விழுந்தாலும் ஊருக்கே தெரியும். அதனால் தரையில் தண்ணீர் தெளித்து, ஷட்டரை இறக்கி, மூக்கில் மாஸ்க் கட்டிக்கொண்டு அடித்தார். உள்ளே அவரைத் தவிர டிங்கர் மட்டும்தான். பின்பக்கம் உட்கார்ந்து, கழற்றிய கதவு ஒன்றின் நெளிசலைச் சுத்தியலால் தட்டி எடுத்துக்கொண்டிருந்தார்.

அந்த நேரம் பார்த்து முதலாளி வண்டிக்காரரையும் கூட்டிக்கொண்டு வந்து ஷட்டரைத் தட்டினார். "ஈரமா இருக்கு முதலாளி, பத்து நிமிஷம்," என்று உள்ளிருந்து கத்தினார் பெயிண்டர். இருபத்திரண்டு வருஷத் தொழிலில் ஈரப் பெயிண்டை வைத்துக்கொண்டு அவர் யாருக்கும் ஷட்டர் திறந்ததில்லை. கடவுளே வந்து தட்டியிருந்தாலும் பத்து நிமிஷம் என்றுதான் சொல்லியிருப்பார். முதலாளி வெயிலில் நின்றார். எதிரே பஞ்சர் கடைக்காரன் சும்மா இருந்திருக்கலாம். "என்ன முதலாளி, உங்க கடையில உங்களுக்கே எடமில்லையா?" என்று கேட்டுவிட்டான்.

அவ்வளவுதான். முதலாளி குனிந்து ஷட்டரைத் தூக்கினார். வெறும் காற்று அடிக்கிற மாதம். தெருப்புழுதி முழுக்க உள்ளே வந்து கறுப்பு பானெட்டின்மேல் இறங்கியது. வாசலிலேயே நின்று, தெருவுக்கே கேட்கிற மாதிரி, பெயிண்டரின் சாதியைச் சொல்லி, அதன் பின்னால் வழக்கமாக வருகிற வார்த்தைகளையும் சொன்னார். "என்னையே என் கடைக்கு வெளியில நிக்க வைக்கிற அளவுக்கு வந்துட்டீங்களாடா," என்று முடித்தார். பஞ்சர் கடை, டீக்கடை, நடந்து போகிறவர்கள், வண்டிக்காரர் எல்லாரும் பார்த்தார்கள். பார்த்துவிட்டு அவரவர் வேலைக்குத் திரும்பினார்கள்.

பெயிண்டர் ஸ்பிரே கன்னைக் கழுவி வைத்துவிட்டு வீட்டுக்கு வந்தார். அவருடைய மனைவி ஆயத்த ஆடைக் கம்பெனியில் செக்கிங் வேலை பார்ப்பவள். எட்டு மணி நேரம் டியூப் லைட்டின் கீழே நின்று, தைத்து வருகிற சட்டைகளைப் பிரித்து, இழுத்து, உள்பக்கம் புரட்டிக் குற்றம் கண்டுபிடிப்பதுதான் வேலை. குற்றம் இருக்கிற இடத்தில் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்ட வேண்டும். பதினைந்து வருஷமாக ஒட்டி ஒட்டி, மனுஷர்களைப் பார்த்தாலும் எங்கே ஒட்டலாம் என்றுதான் அவளுக்குத் தோன்றும். அவள் கட்டிக்கொண்டவரோ வெளுத்ததெல்லாம் பால் என்கிற ஆள். இரண்டும் ஒரே வீட்டில் இருபத்து நாலு வருஷம் குடித்தனம் செய்ததே அதிசயம்.

அவர் சொன்னதைக் கேட்டதும் அவளுக்கு உடம்பெல்லாம் எரிந்தது. "கம்ப்ளெயின்ட் குடுங்க. குடுத்துட்டுத்தான் இந்த வீட்ல சோறு," என்றாள். வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு அவர் போய்க் கொடுத்தார். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிவானது. மறுநாளிலிருந்து முதலாளியைத் தெருவில் காணவில்லை. பத்து நாள் கழித்து ஒரு போலீஸ்காரர் வந்து நோட்டீஸ் நீட்டினார். முதலாளி முன்ஜாமீன் கேட்டிருக்கிறார், செவ்வாய்க்கிழமை விசாரணை, புகார் கொடுத்தவர் ஏதாவது சொல்ல வேண்டுமானால் வந்து சொல்லலாம்.

அரசு வக்கீலம்மாவின் அறையில் அலமாரி, மேஜை, நாற்காலி எல்லாவற்றின்மேலும் கட்டுக்கட்டாகக் காகிதம். உட்கார இடமில்லாமல் இரண்டு பேரும் நின்றார்கள்.

"இந்தச் சட்டத்துல முன்ஜாமீனே கெடையாதுன்னு சொன்னாங்களே?" என்றாள் அவள்.

"கெடையாதுதாம்மா. ஆனா புகாரைப் படிச்சதுமே இது இந்தச் சட்டத்துக்குள்ள வராதுன்னு ஜட்ஜுக்குத் தோணிட்டா குடுக்கலாம். அதைத்தான் அந்தப் பக்கம் புடிச்சிருக்காங்க. நாலு பேர் பாக்குற எடத்துல, நாலு பேர் முன்னால சொல்லியிருக்கணும். மூடின கடைக்குள்ள சொன்னா இந்தப் பிரிவு நிக்காது."

"மூடல மேடம். அவரே தூக்கினாரு," என்றார் பெயிண்டர்.

"புகார்ல அப்படி ஒரு வரி இல்லையே. 'நான் கிளியர் கோட் அடித்துக்கொண்டிருந்தபோது'ன்னு மட்டும் இருக்கு."

"ஸ்டேஷன்ல என்ன வேலை செஞ்சுக்கிட்டு இருந்தேன்னு கேட்டாங்க. சொன்னேன்."

"கிளியர் கோட் அடிக்கும்போது ஷட்டரைத் திறந்து வைப்பீங்களா?"

"ஐயோ, அதெப்படி மேடம்! இருபத்திரண்டு வருஷத்துல ஒரு தடவகூட..."

வக்கீலம்மா கையைக் காட்டி நிறுத்தினார். "இதையேதான் அவங்களும் எழுதியிருக்காங்க." ஒரு போட்டோவை எடுத்து நீட்டினார். "அந்த வண்டி. ஷட்டரைத் தூக்கியிருந்தா தூசி விழுந்திருக்கணும்ல? ஒரு பொட்டு இல்ல பாருங்க, கண்ணாடி மாதிரி இருக்கு."

பெயிண்டர் போட்டோவை வாங்கிப் பார்த்தார். இந்தச் சமயத்திலும் அவர் முகத்தில் ஒரு சின்னப் பெருமை வந்து போனது. தொழில்காரனை என்ன செய்வது. "விழுந்துச்சு மேடம். நல்லாவே விழுந்துச்சு. நான்தான் எடுத்தேன்."

"எப்ப?"

"மறுநாள் காலையில. ஆறு மணிக்குப் போயி, வாட்டர் பேப்பர் போட்டுத் தேய்ச்சு, காம்பவுண்ட் பேஸ்ட் போட்டுப் பாலிஷ் அடிச்சுட்டு அப்புறம்தான் ஸ்டேஷனுக்குப் போனேன்."

அவள் புருஷனைத் திரும்பிப் பார்த்தாள். வாக்கிங் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போன காலை அது.

"உங்களை அந்தப் பேச்சுப் பேசின கடைக்கு, மறுநாளே போயி வேலை செஞ்சீங்களா?" என்று கேட்டாள்.

"வண்டிக்காரர் என்ன பாவம் பண்ணாரு? கறுப்பு வண்டி. அப்படியே விட்டா அது நான் செஞ்ச வேலைன்னுதானே சொல்லுவாங்க."

"சொல்லட்டுமே! அந்தத் தூசிதான்யா உங்க சாட்சி! அதைத் தேய்ச்சுப் பளபளன்னு ஆக்கிட்டு வந்து நிக்கிறீங்க." கோபம் வந்தால் அவளுக்கு 'யா' வந்துவிடும். அந்த வீட்டில் அது நாலைந்து வருஷத்துக்கு ஒருமுறை வருகிற வார்த்தை.

வக்கீலம்மா மெதுவாகச் சொன்னார்: "திட்டு வாங்கினவன் மறுநாள் வந்து பாலிஷ் போடுவானான்னும் எழுதியிருக்காங்க. அவங்க கட்டின கதைன்னு நெனச்சேன். சரி, அங்க இருந்தவங்க யாராவது வந்து சொல்லுவாங்களா?"

பஞ்சர் கடைக்காரனுக்குச் சத்தம் மட்டும் கேட்டதாம், வார்த்தை கேட்கவில்லையாம். டீக்கடை இருப்பதே பட்டறை முதலாளியின் கட்டடத்தில் வாடகைக்கு, ஆகவே டீக்கடைக்காரருக்கு அன்று சத்தமும் கேட்கவில்லை. வண்டிக்காரர் அந்த நேரம் போனில் பேசிக்கொண்டிருந்ததாக எழுதிக் கொடுத்துவிட்டார். மிஞ்சியது டிங்கர் ஒருவர்.

"டிங்கர் சொல்லுவான் மேடம். பன்னெண்டு வருஷமா என்கூட நிக்கிறவன். அண்ணே அண்ணேன்னு உசுர விடுவான்," என்றார் பெயிண்டர்.

பஸ்ஸில் வரும்போது அவள் கேட்டாள். "நீங்க காலையில பாலிஷ் போட்டது முதலாளி வக்கீலுக்கு எப்படித் தெரியும்?"

"கடையில யாராவது சொல்லியிருப்பாங்க."

"ஆறு மணிக்குக் கடையில யாரு இருந்தா?"

பெயிண்டர் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். "டிங்கர் ஆறரைக்கு வந்தான். பாலிஷ் போடுற பஃபிங் மிஷினைப் புடிச்சுக் குடுத்தான். அவன் எல்லாம் சொல்ல மாட்டான்."

"நம்ம தெருவுல இருக்கிறவங்க எல்லாரும் புண்ணியவான், போலீஸ் புண்ணியவான், டிங்கரும் புண்ணியவான். அப்புறம் யாருதான் நம்ம குடியைக் கெடுக்கிறது?"

அன்றிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை. முன்ஜாமீன் கிடைத்தால் முதலாளி மறுநாளே பட்டறையில் நாற்காலி போட்டு உட்காருவார். இப்போதே வேறு பட்டறைகளில் பெயிண்டருக்கு வேலை கேட்டால், "கேஸ் முடியட்டும்ணே," என்கிறார்கள். முதலாளி ஜெயித்து வந்து உட்கார்ந்துவிட்டால் அந்தப் பதில்கூட வராது. கட்டிக்கொடுத்த மகள் போனில், "சமாதானமாப் போயிடுங்கம்மா," என்றாள். உன் மாமியார் சொல்லிக் கொடுத்தாளா என்று கேட்டு அவள் போனை வைத்துவிட்டாள். அவள் கேட்டது பெரிதாக ஒன்றுமில்லை. அந்த வார்த்தையைச் சொன்ன ஆள் ஒரே ஒரு நாள் ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார வேண்டும். அதைத் தெரு பார்க்க வேண்டும்.

சனிக்கிழமை கம்பெனியில் பக்கத்து மேஜைக்காரி சொன்னாள். "உங்க வீட்டுக்காரர் கூட வேலை பாக்குறவர் ஒருத்தர், ஒல்லியா இருப்பாரே? நேத்து ஒரு பெரிய வண்டியில முன்சீட்டுல போனாரு. ஓட்டினது அந்தப் பட்டறை முதலாளியோட மச்சான்." பெயிண்டரின் மனைவி தன் கையிலிருந்த சட்டையில் ஸ்டிக்கரை வேறெங்கோ ஒட்டினாள்.

ஞாயிற்றுக்கிழமை சாப்பாடு முடிந்து பெயிண்டர் கண் அசந்ததும், அவள் டிங்கர் வீட்டுக்குப் போனாள். வீட்டுச் சொந்தக்காரர் கீழே, டிங்கர் குடும்பம் மாடியில் வாடகைக்கு. கதவை டிங்கரின் மனைவி பாதிதான் திறந்தாள். "வாங்கக்கா," என்ற குரலில் வா என்பதே இல்லை. டிங்கர் எழுந்து முதலில் ஜன்னலைச் சாத்தினார். மடியில் கனமிருந்தால்தானே வழியில் பயம் என்று அவள் மனசுக்குள் ஒரு ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டாள். புதிதாக ஏதாவது வாங்கியிருக்கிறார்களா என்று கண் தானாகவே அறையைச் சுற்றி வந்தது. பழைய கட்டில், பழைய மின்விசிறி, மகளின் பாடப் புத்தகங்கள். சந்தேகப்பட ஒன்றும் அகப்படவில்லை, அதுவே சந்தேகமாக இருந்தது.

"தம்பி, நேரா கேக்குறேன். முதலாளி மச்சான்கூட எங்க போன?"

"வக்கீல் ஆபீசுக்கு அண்ணி."

"கையெழுத்துப் போட்டுட்டியா?"

"போட்டுட்டேன்."

"என்னன்னு?"

டிங்கர் தரையைப் பார்த்தபடி சொன்னார். "ஷட்டர் மூடியிருந்துச்சுன்னு. அண்ணன் காலையில வந்து பாலிஷ் போட்டாருன்னு."

"பன்னெண்டு வருஷம் ஒரே டப்பாவுல சாப்பிட்டீங்களேடா! அன்னைக்கு உன் காதுல அது விழலையா?"

"விழுந்துச்சு."

"அப்புறம்?"

"எனக்கும்தான் விழுந்துச்சு அண்ணி." டிங்கரின் குரல் இறங்கிவிட்டது. "அண்ணனைச் சொன்ன வார்த்தை எனக்கும்தான். நானும் நம்ம சாதிதான்."

அவள் நம்பவில்லை. பிடிபட்டவன் எதையாவது சொல்வான். "இந்தக் கதையெல்லாம் வேற எங்கயாவது சொல்லு."

டிங்கர் தன் மனைவியைப் பார்த்தார். அவள் வாயில் முந்தானையை அழுத்திக்கொண்டு உள்ளே போய், தகரப் பெட்டியின் அடியிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையைக் கொண்டுவந்தாள். டிங்கரின் சாதிச் சான்றிதழ். பெயிண்டரின் மனைவி அதை வாங்கி டியூப் லைட்டுக்குக் கீழே கொண்டுபோய்ப் படித்தாள். முத்திரையைப் பார்த்தாள். திருப்பிப் பின்பக்கம் பார்த்தாள். மறுபடி முதலிலிருந்து படித்தாள். பாம்பின் கால் பாம்பறியும் என்பார்கள். பன்னிரண்டு வருஷம் பக்கத்தில் நின்றும் பெயிண்டர் அறியவில்லை, சந்தேகமே தொழிலான இவளும் அறியவில்லை.

"வேலைக்குச் சேந்தப்போ முதலாளி அவரா என்னை அவங்க ஆளுன்னு நெனச்சுக்கிட்டாரு. நான் மறுத்துப் பேசல. பன்னெண்டு வருஷமா மறுத்துப் பேசல. முதலாளி என் பாட்டில்ல இருந்துதான் தண்ணி குடிப்பாரு. கீழ் வீட்டுக்காரர் இந்த வீட்டைக் குடுத்ததே முதலாளி சொல்லித்தான். பொண்ணு காலேஜ் அப்ளிகேஷன்லகூட இந்தப் பேப்பரை வைக்கல அண்ணி. வச்சிருந்தா நல்ல காலேஜ் கெடச்சிருக்கும்."

"அதுக்கு என் புருஷன் பொய்யன் ஆகணுமா?"

"ஆகக் கூடாதுதான்," என்றார் டிங்கர். "அன்னைக்கு அவர் கத்தும்போது நான் கதவு மேல அடிச்சுக்கிட்டே இருந்தேன். நெளிசல் எப்பவோ எடுத்தாச்சு. சுத்தியலை நிறுத்தினா என் மூஞ்சி காட்டிக் குடுத்துடும்னு அடிச்சேன். கதவே வீணாப் போச்சு."

"நான் போயி வக்கீல்கிட்ட இதைச் சொன்னா?"

"சொல்லுங்க. உங்களை வேணாம்னு சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருக்கு."

டிங்கரின் மனைவி டீயைக் கொண்டுவந்து வைத்தாள். அதைத் தொடாமலே இவள் படி இறங்கினாள். பாதிப் படியில் கீழ் வீட்டுக்காரர் சிரித்துக்கொண்டே, "யாரும்மா, சொந்தக்காரங்களா?" என்று கேட்டார். "இல்லைங்க, தெரிஞ்சவங்க," என்று சொல்லிவிட்டு வேகமாக நடந்தாள்.

வீட்டில் பெயிண்டர் எழுந்து முகம் கழுவிக்கொண்டிருந்தார். "எங்க போயிட்டு வர்ற?"

"டிங்கர் வீட்டுக்கு."

"என்ன சொன்னான்? வர்றேன்னானா?"

"ஒண்ணும் சொல்லல."

சொல்லியிருக்கலாம். ஆனால் இந்த மனுஷனிடம் சொன்னால் என்ன நடக்கும் என்று அவளுக்குத் தெரியும். நேரே போய், நடுத்தெருவில் டிங்கரைக் கட்டிப்பிடித்து, ஏண்டா தம்பி என்கிட்டச் சொல்லலை என்று அழுவார். மாலைக்குள் தெருவே தெரிந்துகொள்ளும். அதோடு, செவ்வாய்க்கிழமை அதை என்ன செய்யப்போகிறோம் என்று அவளே இன்னும் முடிவு செய்யவில்லை. முடிவாகும் வரை தன்னிடமே இருக்கட்டும் என்று வைத்துக்கொண்டாள்.

செவ்வாய்க்கிழமை தூறல். சிறப்பு நீதிமன்றத்தில் ஈரக் குடைகளும் ஈரச் செருப்புகளுமாக அறுபது பேராவது இருப்பார்கள். முதலாளி வரவில்லை, அவருடைய மச்சான் வந்திருந்தார். அவருக்கு அடுத்த பெஞ்சில் டிங்கர், சலவை செய்த சட்டையில், வேறு யாரோபோல உட்கார்ந்திருந்தார். பெயிண்டர் அவரைப் பார்த்துக் கையை உயர்த்தினார். டிங்கர் பார்க்காததுபோல இருந்தார். பெயிண்டரின் கை அப்படியே இறங்கியது. டிங்கர் தன் பக்கம் பேச வரவில்லை என்பது அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

முதலாளியின் வக்கீல் சத்தம் போடவில்லை. கதை சொல்கிற மாதிரி நிதானமாகச் சொன்னார். பெயிண்ட் அடிக்கும்போது ஷட்டர் மூடியிருக்கும், அது தொழில் வழக்கம். வண்டியில் தூசி இல்லை, இதோ படம். சாதி சொல்லித் திட்டப்பட்டதாகச் சொல்கிறவர் மறுநாள் அதிகாலையில் வந்து, எல்லா வண்டிக்கும் போடுகிற வழக்கமான பாலிஷைப் போட்டிருக்கிறார். "எல்லாத்துக்கும் மேல, உள்ளேயே இருந்த டிங்கர் எழுதிக் குடுத்திருக்கார். அவருக்கும் புகார்தாரருக்கும் பகை கெடையாது. அவர் புகார்தாரரோட சமூகமும் இல்லை, அதனால இவருக்கு எதிராவோ ஆதரவாவோ பேச வேண்டிய அவசியமும் இல்லை. இதைவிட நடுநிலையான ஒரு ஆளை எங்க போய்த் தேடுறது?"

நீதிபதி தலையசைத்து ஏதோ குறித்துக்கொண்டார். நீங்கள் ஏதாவது சொல்கிறீர்களா என்று பெயிண்டரைக் கேட்டார். பெயிண்டர் எழுந்து, "ஷட்டரை அவர்தான் தூக்கினாருங்க. தூசியை நான்தான் எடுத்தேன்," என்றார். வேறு எப்படிச் சொல்வது என்று தெரியாமல் உட்கார்ந்தார்.

வக்கீலம்மா பெஞ்சருகே வந்து குனிந்தார். "அந்த டிங்கர் ஒருத்தர் மேலதான் இப்ப எல்லாம் நிக்குது. அவர் எதுக்குப் பொய் சொல்லணும்? ஏதாவது தெரியுமா? தெரிஞ்சா இப்பவே சொல்லுங்க, நான் எந்திரிச்சு சொல்லிடுறேன்."

அவளுக்குத் தெரியும். ஒரு வரி போதும். வேற சமூகம் என்று அந்த வக்கீல் அடுக்கிய அடுக்கெல்லாம் பொலபொலவென்று உதிர்ந்துவிடும். அவள் நிமிர்ந்து டிங்கரைப் பார்த்தாள். அவரும் இப்போது இவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். தட்டிக்கொண்டே இருப்பதற்குக் கையில் எதுவுமில்லாமல், முழங்காலைப் பிடித்தபடி இருந்தார்.

அவள் சொன்னால் வக்கீலம்மா எழுந்து நின்று சொல்வார். இத்தனை பேர் நடுவில், மச்சான் காது கேட்க, ஒரு மனுஷனைக் காட்டி இவன் இன்ன சாதி என்று உரக்கச் சொல்வார். அந்தக் கூடத்தில் எத்தனை தலைகள் திரும்பும் என்று அவளுக்குத் தெரிந்தது. அவள் புருஷன் மாஸ்கோடு வாசலைப் பார்த்து நின்ற நிமிஷமும் இப்படித்தான் இருந்திருக்கும். இவன் துரோகிதான், இவனுக்காக இரங்க வேண்டியதில்லை என்று தனக்குள் சொல்லிப் பார்த்தாள். அது உண்மையும்கூட. அப்படியும் வாய் வரவில்லை.

"என்னம்மா?" என்றார் வக்கீலம்மா.

"தெரியாதுங்க," என்றாள்.

கொஞ்ச நேரத்தில் உத்தரவு வந்தது. பொதுமக்கள் பார்வையில் நடந்ததாக இப்போதைக்குத் தெரியவில்லை, ஆகவே முன்ஜாமீன், வாரம் ஒருமுறை ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். மச்சான் போனை எடுத்துக்கொண்டு வெளியே ஓடினார். டிங்கர் குனிந்த தலை நிமிராமல் அவர் பின்னால் போனார்.

வராந்தாவில் வக்கீலம்மா காகிதக் கட்டை மாற்றிப் பிடித்துக்கொண்டு அவளிடம் நின்றார். "அம்மா, நான் கேட்டப்போ நீங்க ரொம்ப நேரம் யோசிச்சீங்க. தெரியாதவங்க அவ்வளவு நேரம் யோசிக்க மாட்டாங்க." பதிலுக்குக் காத்திருக்காமல் அடுத்த வழக்குக்குப் போய்விட்டார். பெயிண்டர் பக்கத்தில்தான் இருந்தார்.

பஸ் நிறுத்தத்துக்கு நடந்தார்கள். தூறல் வலுத்தது. கூரைக்கடியில் ஆட்கள் நெருக்கியடித்து நின்றார்கள். அவர் திரும்பி அவள் முகத்தைப் பார்த்தார். நெற்றி, கண், வாய் என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"ஞாயித்துக்கிழமை அவன் வீட்ல என்ன பேசினீங்க?"

"ஒண்ணுமில்லைங்க."

"கம்ப்ளெயின்ட் குடுன்னு சொன்னதே நீதானே. குடுத்துட்டுத்தான் சோறுன்னே. இன்னைக்கு அந்தம்மா வந்து கேக்குறாங்க, வாயைத் தொறக்க மாட்டேங்குற. அவன் உனக்கு என்ன குடுத்தான்?"

"என்ன பேசுறீங்க நீங்க?"

"நான் யாரையும் இப்படிக் கேட்டதில்ல. நீ சொல்லு."

"வீட்டுக்கு வாங்க, சொல்றேன்."

"இப்ப சொல்லு."

"இங்க சொல்ல முடியாதுங்க."

"ஏன் முடியாது? எல்லாரும் பாக்க அந்தாளுக்கு என்னைச் சொல்ல முடியுது, உனக்கு மட்டும் சொல்ல முடியாதா?"

அவள் சுற்றி நின்றவர்களைப் பார்த்தாள். தனியார் பஸ் ஒன்று வந்தது. அவர் முன்னால் ஏறினார். அவள் கூட்டத்தில் நசுங்கிக்கொண்டு பின்னாலேயே ஏறி, அவர் பிடித்திருந்த கம்பியையே பிடித்துக்கொண்டாள். அவருடைய ஈரச் சட்டை அவள் கையில் பட்டது. கண்டக்டர் வந்து எத்தனை டிக்கெட் என்று கேட்டதும், பெயிண்டர் சில்லறையை எடுத்து நீட்டினார்.

"ஒண்ணு," என்றார்.